கலைக்கூடத்தை ஏற்றிக்கொண்டு போன மாரண்டஹள்ளி வண்டி

என் தங்கமே, நூரு,

உட்கார்ந்து கேள். நடுவில் புகுந்து, "அட, கடேசியா என்னாச்சுன்னு மொதல்ல சொல்லுங்கக்கா" என்று அவசரப்படுத்தாதே. வரிசையாகத்தான் சொல்வேன். நீ போய்ப் பதினோரு மாதம் ஆகிறது. உன்னிடம் ஓடிவந்து சொல்ல வேண்டும் என்று கால் பரபரத்த நாள் இந்தப் பதினோரு மாதத்தில் இதுதான்.

இன்று காலையிலிருந்து மூன்று தடவை உன் பிரேம் கடைக்குப் போய்விட்டேன். உன் பர்ஹானா மேஜைமேல் கண்ணாடி அறுத்துக்கொண்டிருந்தாள். மூன்றாவது தடவை என்னைப் பார்த்ததும் கண்ணாடியைக் கீழே வைத்தாள். "காலா, என்கிட்ட இதே கதைய எத்தன வாட்டி சொல்லுவீங்க? அம்மிக்கு எழுதிடுங்களேன்" என்றாள். உன் மகள் வாயிலிருந்து வந்துவிட்டதே, அப்புறம் என்ன. நம் கலைக்கூடத்தின் மாத இதழில், நகரமும் நவீனக் கலையும் என்று நான் மூச்சுமுட்ட எழுதுவேனே, அதே பக்கத்தில் எழுதுகிறேன். ஊரே படித்தாலும் படிக்கட்டும்.

படிக்கிற மற்றவர்களுக்கு மட்டும் நாலு வார்த்தை. தர்மபுரியில் கல்யாணப் போட்டோவோ சாமி படமோ மக்கா படமோ பட்டச் சான்றிதழோ, எதுவானாலும் அதற்குக் கண்ணாடியும் சட்டமும் போட்டுத் தந்தவள் நூர்ஜஹான். சென்னையிலும் பெங்களூரிலும் அருங்காட்சியக வேலை பார்த்துவிட்டு, சொந்த மாவட்டத்திலேயே ஒன்றைத் தொடங்க வேண்டும் என்று நான் வந்து நின்றபோது, ஊரில் என்னை நம்பிய ஒரே ஆள் இவள்தான். சந்தைத் திடலுக்குப் பின்னால் பூட்டிக் கிடந்த நகராட்சிக் கிடங்கை ஆபீஸ் ஆபீஸாக அலைந்து வாங்கிக் கொடுத்தவளும் இவள்தான். இயக்குநர் என்று போர்டில் என் பெயர் இருக்கும். ஆணி அடித்தது முழுக்க இவள். பர்ஹானா இவள் மகள்; அம்மாவை 'அம்மி' என்பாள், என்னைக் 'காலா', அதாவது பெரியம்மா, என்பாள்.

அந்தக் கிடங்குக்கு அவர்கள் போட்ட நிபந்தனை உனக்கு ஞாபகம் இருக்கும். மூன்று வருஷம் முடிந்ததும் வந்து பார்ப்பார்கள். ஊர் ஜனம் புழங்கினால் தொடரலாம், இல்லையென்றால் சாவியைக் கொடுத்துவிட வேண்டும். பழைய ஃபைல்களைப் போட்டு வைக்க அவர்களுக்கும் இடம் வேண்டுமாம். அந்த மூன்று வருஷம் போன மாதம் முடிந்தது. வியாழக்கிழமை காலை பதினோரு மணிக்கு நகராட்சிக் கமிஷனர் நேரில் வருவதாகக் கடிதம் வந்தது. நூரு, எனக்குச் சோறு இறங்கவில்லை. நீ போன பிறகு கூடத்துக்கு யார் வந்தார்கள்? வெயிலுக்கு ஒதுங்கியவர்களும், பாத்ரூம் எங்கே என்று கேட்டவர்களும்தான்.

கையில் ஒரே ஒரு துருப்புச்சீட்டு இருந்தது. மொரப்பூர் ஜெயசித்ராவை உனக்குத் தெரியுமே, சிற்பம் படித்துவிட்டு வந்து, ரயிலை விட்டு இறங்கியதும் நேராக உன் கடைக்கு வந்து நிற்பாளே, அந்தப் பெண். அவள் ஒரு நகரம் செய்திருந்தாள். முழுக்கத் தக்காளி கிரேடுகள், அதாவது மண்டியில் தக்காளி போடும் ஓட்டை ஓட்டையான பிளாஸ்டிக் பெட்டிகள். மாரண்டஹள்ளி மண்டி முதலாளிகளிடம் போனில் பேசி இருநூற்றுச் சொச்சம் கிரேடு கடன் வாங்கி, கழுவித் துடைத்து, ஆளுயரக் கோபுரங்களாக அடுக்கி, நடுவில் தெருக்கள் விட்டு, உள்ளே விளக்கும் போட்டிருந்தாள். அந்த ஓட்டைகள் வழியாக வெளிச்சம் சுவரில் விழுந்தபோது நான் குழந்தை மாதிரி கைதட்டினேன். வாசலில் நான் ஒரு போர்டு எழுதி வைத்தேன். அதைப் பற்றி அப்புறம் சொல்கிறேன், கோபப்படாதே.

புதன்கிழமை காலை பத்து மணிக்குக் கூடத்துக்குப் போகிறேன். நகரத்தைக் காணோம்! ஒரு கிரேடு இல்லை. மொட்டைத் தரை, நடுவில் நாலு விளக்கு, ஒயர். வாட்ச்மேன் என்னைப் பார்த்து ஒரு சல்யூட் அடித்து, "எல்லாம் ஒழுங்கா அனுப்பிட்டனுங்கம்மா, நானும் ஒரு கை புடிச்சேன்" என்கிறார். அவர் பார்வையாளர் குறிப்பேட்டைத் திறந்து காட்டினார். ஒரு மாதமாக வெறுமையாக இருந்த பக்கத்தில் கொட்டை கொட்டையாக எழுதியிருந்தது: "மாரண்டஹள்ளி கிரேடு எல்லாம் எடுத்துக்கிட்டோம். பத்திரமா வெச்சிருந்ததுக்கு நன்றி. மாதேஷ், டிரைவர்."

திருட்டு இல்லை நூரு, மரியாதை! இந்தப் பக்கத்துத் தக்காளிக்காரர்களிடம் ஒரு பழக்கம் இருப்பது எனக்குத் தெரியாமல் போய்விட்டது. ஒவ்வொரு மண்டி கிரேடுக்கும் ஒரு நிறம், பக்கவாட்டில் ரெண்டு எழுத்து. தக்காளியோடு அது எந்த ஊருக்குப் போனாலும், காலியாகத் திரும்புகிற எந்த வண்டிக்காரன் கண்ணில் பட்டாலும், யாரையும் கேட்காமல் ஏற்றிக்கொண்டு வந்து உரிய மண்டியில் இறக்கிவிடுவான். இன்றைக்கு உன்னுடையதை நான், நாளைக்கு என்னுடையதை நீ. முதலாளிகள் ஜெயசித்ராவுக்குச் சரி என்று சொன்னதோடு சரி, டிரைவர்களிடம் மூச்சு விடவில்லை. சந்தையில் காய் இறக்க வந்த மாதேஷ், திறந்திருந்த பின்கதவு வழியாகத் தன் ஊர் கிரேடுகள் மலைபோல் குவிந்திருப்பதைப் பார்த்திருக்கிறான். விடுவானா?

ஜெயசித்ராவுக்குப் போன் செய்தேன். வந்தாள். வெறும் தரையின் நடுவில் சப்பணம் போட்டு உட்கார்ந்துவிட்டாள். எழுந்திருக்கவே இல்லை. எனக்கு அதுதான் பயமாக இருந்தது. உன் கடைக்கு ஓடிப்போய்ச் சொன்னேன். பர்ஹானா கடை ஷட்டரை இறக்கிவிட்டு உன் ஸ்கூட்டியை எடுத்தாள். நீ போன பிறகு அவள் நம் கூடத்து வாசல்படிகூட மிதித்ததில்லை, நூரு. என்னைத் திரும்பிப் பார்க்காமலே, "ஏறுங்க காலா" என்றாள். பாலக்கோடு தாண்டும்வரை நான் கண்ணை மூடிக்கொண்டுதான் உட்கார்ந்திருந்தேன். வண்டி ஓட்டுவதில் அப்படியே நீதான்.

மாரண்டஹள்ளியில் ஏலம் முடிந்து ஆட்கள் டீ குடித்துக்கொண்டிருந்தார்கள். மாதேஷ் யார் என்று கேட்டதும் முப்பது வயசுக்காரன் ஒருவன் போண்டாவோடு எழுந்து வந்தான். முகத்தில் அத்தனை பெருமை.

"அந்தக் கிடங்கு அம்மாங்களா? எல்லாம் சேத்துட்டனுங்க. ஒண்ணுகூட ஒடையலைங்க."

"ஐயோ தம்பி, அது கண்காட்சி! ஜனங்க பார்க்கறதுக்கு வெச்சிருந்தோம்!"

"காலி கிரேடயா?" அவன் கிண்டல் பண்ணவில்லை, நிஜமாகவே கேட்டான். "காலி கிரேட பாக்கறதுக்கு எவனுங்க வருவான்?"

"வாசல்ல போர்டு இருந்துச்சே, படிக்கலையா?"

"படிச்சனுங்க. ரெண்டு வரி படிச்சேன். ஏதோ கோர்ட்டு நோட்டீசு, நமக்கெதுக்கு வம்புன்னு வெரசா ஏத்திட்டுக் கெளம்பிட்டோம்."

பர்ஹானா சிரித்தாள், நூரு. வாயைப் பொத்திக்கொண்டு, முடியாமல், ஸ்கூட்டியைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். பதினோரு மாதத்தில் முதல் தடவை. உன் சிரிப்பேதான், அந்த மூச்சு இழுப்பு உட்பட. என் கூடம் போகப்போகிறது, என் எழுத்தைக் கோர்ட் நோட்டீஸ் என்கிறான் ஒருவன், நான் அங்கே நின்று சந்தோஷத்தில் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த போர்டில் என்ன எழுதியிருந்தேன் என்று இப்போது சொல்லித்தான் ஆக வேண்டும். "நகரமயச் சூழலின் இடைவெளிகளில் உறைந்திருக்கும் நுகர்வின் இன்மையை, வடிவக் குலைவின் வழியே வினவ முற்படும் நிறுவல்..." இது முதல் வரி. இப்படிப் பத்து வரி. தலையில் அடித்துக்கொள்கிறாயா? அடித்துக்கொள். மாதேஷ் ரெண்டு வரி படித்ததே பெரிய விஷயம்.

ஆனால் கிரேடுகள்? பாதியில் தக்காளி ஏறியாயிற்று, மீதி ஓசூர் வண்டியில் போயாயிற்று. தக்காளி தரம் பிரிக்கும் முனியம்மா என்கிற அம்மா, கையை முந்தானையில் துடைத்துக்கொண்டே எனக்கு விளக்கம் சொன்னார். "கிரேடு எங்க கெடந்தாலும் வூடு வந்து சேரோணும் கண்ணு. அத நிறுத்தி வெக்க முடியாது. நாளைக்குக் காயி எதுல போடறது?"

நான் அங்கேயே அழுதுவிடுவேன் போலிருந்தது. நாளைக்குப் பதினோரு மணிக்கு அதிகாரிகள் வருகிறார்கள், காலிக் கூடத்தைப் பார்த்தால் பூட்டிவிடுவார்கள், மூன்று வருஷ உழைப்பு, என் சிநேகிதி ஒருத்தி உயிரைக் கொடுத்து வாங்கிய இடம் என்று என்னென்னவோ சொன்னேன். மாதேஷ் போண்டாவைக் காகிதத்தில் மடித்து வைத்தான்.

"காலையில சந்தைக்கு லோடு எறக்கிட்டா எட்டரைக்கெல்லாம் காலி வண்டிங்க. இருக்கற கிரேட எல்லாம் வாரிக்கிட்டு வர்றேன். ஆளுங்களயும் கூட்டியாறேன். எடுத்தவன் நானுங்க, அடுக்கிக் குடுக்கறதும் நாந்தான்."

வியாழக்கிழமை. எட்டரை ஆயிற்று, ஒன்பது ஆயிற்று. ஜெயசித்ரா வாசலுக்கும் உள்ளுக்கும் நடந்துகொண்டிருந்தாள். ஒன்பதே காலுக்கு இரண்டு வண்டி வந்து நின்றது. மாதேஷ், சுமை தூக்கும் அண்ணன்கள் நாலு பேர், முனியம்மா, அவரோடு இரண்டு பெண்கள். ஆனால் கிரேடுகளைப் பார்க்க வேண்டுமே! ஜெயசித்ரா கழுவி வைத்த பளபளப்பு எங்கே, இது எங்கே. தக்காளிச் சாறு, இலை, மண், வாசம்! இவள் என்ன சொல்லப் போகிறாளோ என்று நான் அவளையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

அவள் வரைபடத்தை விரித்துக் காட்டினாள். மாதேஷ் எட்டிப் பார்த்துத் தலையை ஆட்டினான். "இது நிக்காதுங்கக்கா. தொப்பூர் எறக்கத்துல மொத வளைவுலயே சாஞ்சிரும்."

"இது எங்கயும் போகப் போறதில்லையே, தரையிலதான நிக்குது."

"நின்னாலும் சாயும். ஜனம் வந்தா இடிக்கும், கொழந்தைங்க ஓடும். ஒண்ணுக்கு மேல ஒண்ணு நேரா வெக்கக் கூடாதுங்க, மாத்தி மாத்திக் கடிக்க வுடோணும்." சொல்லிக்கொண்டே ஒரு மூலையில் நாலு வரிசை அடுக்கிக் காட்டினான். தோளால் இடித்தான். அசையவில்லை. ஜெயசித்ரா அதைச் சுற்றி ஒரு தடவை வந்தாள். வரைபடத்தைச் சுருட்டிப் பையில் போட்டாள். "அண்ணா, நீங்க சொல்லுங்க, நான் எடுத்துத் தர்றேன்" என்றாள். நூரு, மூன்று வருஷமாக நான் எத்தனை கலைஞர்களைப் பார்த்திருக்கிறேன்! அந்த ஒரு நிமிஷத்துக்காகவே அவளைக் கட்டிக்கொள்ளலாம் போலிருந்தது.

அப்புறம் பார், கூத்து. முனியம்மா நடுவில் நின்று உத்தரவு போட ஆரம்பித்தார். "சேப்பு எங்க மண்டி. பச்ச எதுத்த கடை. ரெண்டையும் ஒட்டி வெக்காதீங்க, ரெண்டு வருசமா பேச்சுவார்த்த கெடையாது." அப்படியானால் நடுவில் ஒரு சந்து விடலாம் என்றாள் ஜெயசித்ரா. "சந்து பத்தாது, ரோடே வுடு" என்றார் முனியம்மா. நீலக் கிரேடுக்காரர் எல்லோருக்கும் வேண்டியவர், அதனால் நீலம் முச்சந்தியில். மஞ்சள் புது மண்டி, அது ஊர்க் கோடியில். நகரம் என்றால் என்ன என்று பக்கம் பக்கமாக எழுதிய நான், கையில் இரண்டு கிரேடோடு வாயைத் திறந்துகொண்டு நின்றேன்.

சந்தைக்கு வந்தவர்கள் சும்மா இருப்பார்களா? மாரண்டஹள்ளி வண்டி இங்கே எதற்கு நிற்கிறது என்று ஒவ்வொருவராக எட்டிப் பார்த்தார்கள். "என்னக்கா, ஏலமா?" "ஏலமில்ல, ஊரு கட்டறோம்" என்றார் முனியம்மா, என்னமோ தினமும் அதுதான் வேலை என்பது மாதிரி. பையும் கையுமாக உள்ளே வந்தார்கள். பஸ் ஸ்டாண்டு எங்கே என்றார் ஒருவர். கீரை விற்கும் அக்கா, ஆஸ்பத்திரியைப் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் வை, நடக்க முடியவில்லை என்று சண்டைக்கே வந்துவிட்டார். மாற்றி அடுக்கினார்கள். மறுபடி மாற்றினார்கள்.

மணி பத்தரை. என் போர்டைக் கழற்றிச் சுவரோரம் திருப்பி வைத்தேன். பர்ஹானா பிரேமுக்குப் பின்னால் கொடுக்கும் அட்டை ஒன்றைக் கொண்டுவந்திருந்தாள். மார்க்கரை எடுத்து எழுதினேன். முதல் தடவை எழுதியது நீளம். அடித்தேன். இரண்டாவது தடவை 'வெளி' என்று ஒரு சொல் வந்தது. "எந்த வெளிங்கக்கா? வெளியூரா?" என்று நீ கேட்பது காதில் கேட்டது. அடித்தேன். கடைசியில் இவ்வளவுதான் மிஞ்சியது:

"இது தக்காளி கிரேடுகளால் ஆன ஊர். மொரப்பூர் ஜெயசித்ராவும் மாரண்டஹள்ளி மண்டி ஆட்களும் இன்று காலை கட்டினார்கள். தெருவில் நடந்து பாருங்கள். உங்கள் வீடு எங்கே இருக்க வேண்டும் என்று சொன்னால் மாற்றி அடுக்கலாம். கிரேடுகளை மட்டும் தயவுசெய்து ஏற்றிக்கொண்டு போகாதீர்கள்."

பதினோரு மணிக்குக் கமிஷனர் மேடம் வந்தார், கூடவே கவுன்சிலர்கள் இரண்டு பேர். நான் வரவேற்க ஓடுவதற்குள் கூட்டம் வழியை அடைத்துவிட்டது. அவர் பாட்டுக்குச் சிவப்புக்கும் பச்சைக்கும் நடுவில் இருந்த ரோட்டில் நடந்து போய்விட்டார். எதிரே முனியம்மா. வந்தவர் யார் என்று அவருக்கு எப்படித் தெரியும்?

"நீ எந்தத் தெரு கண்ணு? ஒனக்கு வூடு எங்க வெக்கறது?"

கமிஷனர் அங்கேயே நின்றார். "எனக்கு இங்க வீடு இல்லம்மா. மாத்தலாயி வந்தவ, குவார்ட்டர்ஸ்லதான் இருக்கேன்."

"அதுக்கென்ன, ஒண்ணு வெச்சுக்க." சாறு வடியும் ஒரு கிரேடைத் தூக்கி அவர் கையில் கொடுத்துவிட்டார் முனியம்மா. நூரு, கமிஷனர் மேடம் பட்டுப்புடவையோடு அதை வாங்கி, இப்படியும் அப்படியும் பார்த்து, பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் கொண்டுபோய் வைத்தார். "சரியா கடிக்க வுட்டு வைங்க மேடம்" என்றான் மாதேஷ். சரி செய்தார். அதைப் பார்த்ததும் இரண்டு கவுன்சிலர்களுக்கும் ஆளுக்கொரு வீடு வேண்டும் என்றாகிவிட்டது.

போகும்போது வாசலில் அட்டையைப் படித்தார். கடைசி வரியில் சிரித்துவிட்டார். "இத எழுதினது யாருங்க?"

நான் தயாரித்து வைத்திருந்த பேச்சு இரண்டு பக்கம். அதை எடுக்கவே இல்லை. "நூர்ஜஹானுங்க" என்றேன்.

"அவங்கள நான் பார்க்கலாமா?"

பின்னாலிருந்து பர்ஹானா முன்னால் வந்தாள். "அம்மி இல்லீங்க மேடம். நான் அவங்க பொண்ணு."

இனி ஒன்று சொல்ல வேண்டும். இதைத்தான் பதினோரு மாதமாகச் சொல்லாமல் வைத்திருக்கிறேன். நீ கடைசியாகப் படித்த என் கட்டுரை, ஊர்ச் சுவர்களில் ஒட்டும் போஸ்டர்களைப் பற்றியது. படித்துவிட்டு, "மொத மூணு பத்தியும் வேணாங்கக்கா, நாலாவதுலதான் நீங்க பேசறீங்க" என்றாய். எனக்குச் சுரீரென்று வந்தது. "பிரேம் போடறவ பிரேமப் பாரு" என்று சொல்லிவிட்டேன். நீ கையில் இருந்த ஆணி டப்பாவை மூடிவிட்டுப் போனாய். ஒன்பது நாள் நாம் பேசவில்லை. பத்தாம் நாள் உன்னை ஆஸ்பத்திரியில் சேர்த்திருப்பதாகச் சொன்னார்கள். அங்கே உன் பக்கத்தில் உட்கார்ந்து பர்ஹானா கல்யாணத்தைப் பற்றிப் பேசினேன், மழையைப் பற்றிப் பேசினேன். இதை மட்டும் பேசவில்லை. எதற்காக என் வாய் அடைத்துப் போயிற்று? நீ அதை மனதில் வைத்துக்கொண்டா போனாய்? யாரிடம் போய்க் கேட்பேன்?

நீ சொன்னதுதான் சரி, நூரு. அன்றைக்கே எனக்குத் தெரியும்.

சரி, இப்போது செய்தி. இன்று காலை ஆர்டர் கையில் வந்துவிட்டது. இன்னும் மூன்று வருஷம் கிடங்கு நமக்கே! கவுன்சிலில் கை தூக்கியவர்களில் முதல் ஆள், வீடு வாங்கிய அந்த இரண்டு கவுன்சிலர்களில் ஒருவர்தான். ஜெயசித்ராவின் ஊர் இன்னும் நிற்கிறது. நிற்கிறது என்றால், சந்தை நாளுக்கு முந்தின நாள் மாதேஷ் கிரேடுகளை எடுத்துக்கொண்டு போகிறான், சந்தை முடிந்ததும் வேறு கிரேடுகளைக் கொண்டுவருகிறான், ஊர் வேறு மாதிரி எழும்புகிறது. போன வாரம் சிவப்புக்கும் பச்சைக்கும் நடுவில் ரோடு கொஞ்சம் குறுகியிருந்தது. மண்டிக்காரர்கள் இருவரும் தனித்தனியாக வந்து பார்த்துவிட்டுப் போனார்களாம். முனியம்மா இதில் என்ன வேலை செய்தார் என்று எனக்குத் தெரியாது, கேட்கவும் பயம்.

போஸ்டர் கட்டுரையை நேற்று எடுத்து வைத்துக்கொண்டேன். முதல் மூன்று பத்திகளை அடித்தேன். நாலாவதிலிருந்து நன்றாகத்தான் இருக்கிறது. அதை அப்படியே பர்ஹானாவிடம் படித்துக் காட்டினேன். கண்ணாடி அறுத்துக்கொண்டே கேட்டாள். முடிந்ததும், "அஞ்சாவதுலயும் ரெண்டு வரி வேணாம் காலா" என்றாள். என்ன துணிச்சல் பார்! அடித்துவிட்டேன்.

இது உனக்கு நான் தரும் வாக்கு. இனி இந்தக் கூடத்தின் சுவரில் நான் எழுதி ஏற்றும் எந்த வரியையும், முதலில் உன் கடை மேஜைக்கு முன்னால் நின்று, உன் மகளுக்கு வாய்விட்டுப் படித்துக் காட்டுவேன். அவள் வேண்டாம் என்றால் அந்த இடத்திலேயே அடிப்பேன். கோபம் வரும். வந்தாலும் அன்று சாயங்காலமே திரும்பிப் போய் அவளிடம் பேசிவிடுவேன். ஒன்பது நாள் காத்திருக்க மாட்டேன்.

உன் மகளுக்குக் காலா,
உனக்கு என்றும் அக்கா,
வசந்தா